மூன்று பேர் ஓட்டினால் மூன்று பெயர் போடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் விளையாட்டுப் பக்கத்துக்கு ஒரு கோரிக்கை. கடிதம் கொஞ்சம் நீளும், முழுதாகப் படித்துவிட வேண்டுகிறேன்.

சென்ற வாரம் மாநிலப் போட்டிச் செய்தியில், டீம் ஸ்பிரிண்ட் சைக்கிள் பந்தயத்தில் எங்கள் பெண்கள் வெண்கலம் வாங்கியதைப் போட்டிருந்தீர்கள். என் மகளின் பெயரும் படமும் வந்திருந்தன. தெருவில் எல்லாரும் விசாரித்தார்கள், சந்தோஷமாக இருந்தது. ஆனால் அந்தப் பதக்கத்தை வாங்கியது மூன்று பெண்கள். மற்ற இருவர் பெயர் செய்தியில் எங்குமே இல்லை. அதிலும் முதல் சுற்றை இழுத்துக் கொடுத்தவள் படத்தின் ஓரத்தில்கூட இல்லை. என் மகள் முடிவுக் கோட்டைத் தாண்டிய நேரத்தில் அவள் தடத்தின் மேல் விளிம்பில் மூச்சு வாங்கிக்கொண்டு தனியாக உருட்டிக்கொண்டிருந்தாள். அவளுடைய அப்பா காலையிலேயே கடைக்குப் போய் உங்கள் பேப்பரை வாங்கி, பக்கம் பக்கமாகப் புரட்டிவிட்டு, ஒன்றும் பேசாமல் மடித்து வைத்துவிட்டார் என்று அவள் அம்மா போனில் சொன்னார். மூவரின் பெயரையும் இனிஷியல், ஊர், பள்ளி விவரத்தோடு தனித்தாளில் எழுதி இத்துடன் வைத்திருக்கிறேன். ஒரு திருத்தம் போட்டால் நன்றாக இருக்கும்.

ஆனால் அந்தத் திருத்தத்துக்காக மட்டும் இத்தனை பக்கம் எழுதவில்லை. ஒலிம்பிக்காக இருந்தாலும் உலகப் போட்டியாக இருந்தாலும், நாட்டு அணிகள் மோதும் சைக்கிள் தடப் போட்டிகளை உங்கள் பேப்பர் இதே மாதிரிதான் எழுதுகிறது. உள்ளூரில் நடந்தது அதன் தொடர்ச்சி.

நான் கோவில்பட்டியில் ஒரு தீப்பெட்டி ஆபீசில் கணக்கு எழுதுகிறேன். எங்கள் ஊர் ஹாக்கி ஊர். இங்கே பிறந்த பிள்ளை சைக்கிள் தடத்துக்குப் போனால் சொந்தக்காரர்களே "அது என்ன விளையாட்டு?" என்றுதான் கேட்பார்கள். மகள் அதில் சேர்ந்த பிறகு நானும் கம்பி வேலிக்கு வெளியே நின்று பார்த்துப் பார்த்து, பயிற்சியாளரிடம் கேட்டுக் கேட்டுத் தெரிந்துகொண்டேன். பெரிய போட்டிகள் வந்தால் இரவு விழித்திருந்து இருவரும் போனில் பார்ப்போம்.

2024 ஆகஸ்ட் 6 இரவு அப்படித்தான் பார்த்தோம். பாரிஸ் ஒலிம்பிக், ஆண்கள் டீம் ஸ்பிரிண்ட் இறுதி. நெதர்லாந்து, பிரிட்டனைத் தோற்கடித்து 40.949 வினாடியில் முடித்தது. உலக சாதனை. 750 மீட்டரை 41 வினாடிக்குள் எந்த அணியும் அதற்கு முன் ஓட்டியதில்லை. வீட்டில் நாங்கள் போட்ட சத்தத்தில் பக்கத்து வீட்டு அக்கா என்னவோ ஏதோ என்று ஓடி வந்துவிட்டார். ஓட்டியவர்கள் ரோய் வான் டென் பெர்க், ஹாரி லாவ்ரெய்சன், ஜெஃப்ரி ஹூக்லாண்ட். அப்புறம் தனிநபர் ஸ்பிரிண்டிலும், கடைசி நாளன்று கெய்ரினிலும் (மோட்டார் வண்டி ஒன்றின் பின்னால் ஓட்டிவிட்டு, அது விலகியதும் பாய்ந்து முடிக்கும் பந்தயம்) லாவ்ரெய்சன் தங்கம் வாங்கினார். "மூன்று தங்கம் அள்ளிய லாவ்ரெய்சன்" என்று படத்தோடு போட்டீர்கள். தகுதியான ஆள்தான், இந்தத் தலைமுறையில் அவரை மிஞ்சிய ஸ்பிரிண்டர் கிடையாது என்றே நினைக்கிறேன். ஆனால் அந்த மூன்றில் முதல் தங்கம் மூன்று பேருடையது. அதன் முதல் சுற்றை ஓட்டிய வான் டென் பெர்க்கின் பெயரை நான் உங்கள் பக்கத்தில் தேடிப் பார்த்தேன், இல்லை.

இந்தப் பந்தயத்தைப் பார்க்காத வாசகர்களுக்காகச் சொல்கிறேன். தடம் என்பது வெளிப்பக்கம் உயர்ந்து சரிவாகக் கட்டிய வளையமான ஓடுபாதை, ஒரு சுற்றுக்கு 250 மீட்டர். அணிக்கு மூன்று பேர், ஓட வேண்டியது மூன்று சுற்று. மூவரும் ஒரே நேரத்தில் கிளம்பி ஒருவர் பின்னால் ஒருவராக ஒட்டிக்கொண்டு போவார்கள். முதல் ஆள் ஒரு சுற்று முன்னால் நின்று இழுத்துவிட்டு, தடத்தின் மேல்பக்கம் ஏறி விலகிவிடுவார். இரண்டாம் ஆள் அடுத்த சுற்றை இழுத்துவிட்டு விலகுவார். மூன்றாம் ஆள் கடைசிச் சுற்றைத் தனியாக ஓட்டி முடிப்பார். அவருடைய சக்கரம் கோட்டைத் தொடும் நேரம்தான் அணியின் நேரம். எதிரணி தடத்தின் நேர் எதிர்ப்பக்கத்திலிருந்து அதே நேரத்தில் கிளம்பும்.

எதற்கு ஒட்டிக்கொண்டு போக வேண்டும்? காற்றுக்காக. எங்கள் பக்கம் ஆடிக் காற்றில் நாலுவழிச் சாலையில் சைக்கிள் மிதித்தவர்களுக்குத் தெரியும், முன்னால் ஒரு வண்டி மறைவு கிடைத்தால் கால் எவ்வளவு லேசாகிவிடும் என்று. மணிக்கு எழுபது கிலோமீட்டர் வேகத்தில் போகும்போது உடம்பின் பலம் பெரும்பாலும் காற்றைத் தள்ளவே செலவாகிறது. முதல் ஆளுக்கு மறைவு எதுவும் இல்லை, பின்னால் வரும் இருவருக்கும் அவர்தான் மறைவு. அவர்களுடைய பலத்தைச் சேமித்துக் கொடுப்பது அவருடைய உடம்பு.

இன்னொன்றும் உண்டு. தடச் சைக்கிளுக்குப் பிரேக் கிடையாது, கியர் மாற்ற முடியாது, சக்கரம் சுற்றும் வரை பெடலும் சுற்றிக்கொண்டேதான் இருக்கும். ஒரே கியரை முழு வேகத்துக்கு ஏற்ற மாதிரி வைத்திருப்பார்கள், அதனால் நின்ற இடத்திலிருந்து கிளம்பும்போது அது மலை மாதிரி கனக்கும். உலகத்தரத்தில் முதல் சுற்றுக்குச் சுமார் 17 வினாடி ஆகும், அடுத்த இரண்டு சுற்றும் 12 வினாடி அளவில் முடிந்துவிடும். எண்ணை மட்டும் பார்ப்பவர்கள் முதல் ஆள்தான் மெதுவானவர் என்று நினைத்துவிடுகிறார்கள். பூஜ்யத்திலிருந்து வேகத்தைக் கட்டி எழுப்புகிறவர் அவர். பின்னால் வருகிறவர்கள் அந்த வேகத்தை வாங்கிக்கொள்கிறார்கள்.

எங்கள் அணியில் முதல் சுற்று ஓட்டும் பெண் கிளம்புவதைப் பக்கத்திலிருந்து பார்த்தால் புரியும். பெரிய போட்டிகளில் முதல் ஆளின் பின்சக்கரத்தை ஓர் இயந்திரம் பிடித்திருக்கும், ஐம்பது வினாடிக் கடிகாரம் கீழிறங்கி ஓடும். இங்கே பின்னால் ஒருவர் சீட்டைப் பிடித்துக்கொண்டு நிற்பார். ஷூவைப் பெடலில் மாட்டிய பிறகும் வாரை இன்னொரு முறை இழுத்து இறுக்குவாள். இடது பெடலைச் சற்று முன்னால் உயர்த்தி நிறுத்திவைப்பாள். கடைசி ஐந்து வினாடி எண்ணத் தொடங்கியதும் சீட்டிலிருந்து எழுந்து, இடுப்பைப் பின்னால் இழுத்து, கை இரண்டும் நீண்டு, தலை குனிந்து நிற்பாள். ஒலி கேட்டதும் உடம்பு மொத்தத்தையும் முன்னால் வீசுவாள். முதல் பெடல் மிதிக்கு முழு மூச்சும் போகும். ஹேண்டில்பார் இடமும் வலமுமாக முறுக்கும், ஆனால் சக்கரம் கோட்டை விட்டு விலகாது. அரைச்சுற்று எழுந்து நின்றே மிதித்துவிட்டு அப்புறம்தான் உட்காருவாள். என் மகள் மூன்றாவதாக வருகிறாள், அவளுக்குக் கண் முன்னால் தெரிவது ஒரு சக்கரம் மட்டும். அந்தச் சக்கரம் ஆடினால் அவளும் ஆடுவாள், அது சீராகப் போனால் அவளும் சீராகப் போவாள். சுற்று முடிந்து மேலே ஏறி விலகினவள் இறங்கிவர வெகுநேரமாகும். பெடல் நிற்காத சைக்கிள் என்பதால் வேகம் தானாகக் குறையும் வரை வலிக்கிற காலைச் சுற்றிக்கொண்டே இருக்க வேண்டும். வந்த பிறகும் அவளால் உட்கார முடியாது, நிற்கவும் முடியாது. வாந்தி எடுத்த நாளும் உண்டு. என் மகள் பதக்க மேடைக்குப் போக அவளுக்காகக் காத்திருப்பாள்.

முதல் ஆளுக்கு வெறும் பலம் போதும் என்று நினைப்பவர்களுக்கு 2012 லண்டன் ஒலிம்பிக்கைச் சொல்ல வேண்டும். அப்போது பெண்களுக்கு அணியில் இரண்டே பேர், இரண்டே சுற்று. முதல் ஆள் தன் சுற்றை முடித்து விலகும் இடம் கோட்டை ஒட்டிய சில மீட்டர்தான், அதற்கு முன்பே பின்னால் வருபவர் முந்திவிடக் கூடாது. பிரிட்டனின் ஜெசிக்கா வார்னிஷ், விக்டோரியா பெண்டில்டன் ஜோடியை அந்த மாற்றத்தில் நடந்த தவறுக்காக நடுவர்கள் கீழிறக்கினார்கள். சொந்த ஊர்க் கூட்டத்தின் முன்னால், பதக்க ஓட்டத்துக்கே போக முடியாமல் போனது. அவர்கள் விட்ட இடத்தில் ஜெர்மனியின் மிரியம் வெல்டே, கிறிஸ்டினா ஃபோகல் இறுதிக்கு வந்தார்கள். இறுதியில் சீனாவின் கோங் ஜின்ஜியே, குவோ ஷுவாங் ஜோடிதான் வேகமாக முடித்தது. ஆனால் அவர்களும் அதே மாற்றத்தில் தவறு செய்ததாக நடுவர்கள் சொல்ல, தங்கம் ஜெர்மனிக்குப் போனது. ஒரே நாளில் இரண்டு அணியின் கதி, முதல் ஆள் விலகி இரண்டாம் ஆள் முன்னேறும் அந்தக் கண்ணிமைக்கும் நேரத்தில் தீர்ந்துபோனது. பார்வையாளர் கண்ணுக்கு அது தெரியவே தெரியாது, மெதுவாக ஓட்டிக் காட்டினால்தான் தெரியும்.

முதல் சுற்றுக்கென்றே நாடுகள் ஆள் தேடுகின்றன. பிரிட்டன் 2008 பீஜிங்கில் தங்கம் வாங்கியபோது முன்னால் நின்றவர் ஜேமி ஸ்டாஃப். அவர் பி.எம்.எக்ஸ். சின்னச் சைக்கிள் பந்தயத்தில் உலக சாம்பியனாக இருந்துவிட்டுத் தடத்துக்கு வந்தவர். நின்ற இடத்திலிருந்து பாய்வதுதான் அந்தப் பந்தயத்தின் உயிர், அந்தக் காலைத்தான் பிரிட்டன் கடன் வாங்கியது. அவர் பின்னால் ஓட்டியவர்கள் ஜேசன் கென்னியும் கிறிஸ் ஹோயும். பின்னால் நின்ற இருவரும் தங்கத்துக்கு மேல் தங்கமாக வாங்கி சர் பட்டம் வரை போனார்கள், உலகத்துக்கே தெரிந்த பெயர்கள். ஸ்டாஃபை எத்தனை பேருக்குத் தெரியும்? பாரிஸில் நியூசிலாந்துக்கு முதல் சுற்று ஓட்டிய ரெபெக்கா பெட்சும் பி.எம்.எக்ஸ்.காரர்தான், டோக்கியோ ஒலிம்பிக்கில் அந்தப் பந்தயத்தில் இருந்தவர். மூன்று வருடத்தில் விளையாட்டையே மாற்றிக்கொண்டு வந்து ஒலிம்பிக் வெள்ளி வாங்கியிருக்கிறார். ஒரு ஞாயிறு இணைப்பில் அரைப் பக்கம் எழுதலாம், அவ்வளவு விஷயம் இருக்கிறது.

அந்த வெள்ளியைத் தோற்கடித்துத் தங்கம் வாங்கிய பிரிட்டன் பெண்கள் அணியைப் பற்றி எழுதாமல் போக எனக்கு மனமில்லை. பாரிஸில்தான் ஒலிம்பிக்கில் முதல்முறையாகப் பெண்களுக்கும் மூன்று பேர், மூன்று சுற்று என்று ஆனது. கேட்டி மார்சண்ட், சோஃபி கேப்வெல், எம்மா ஃபினுகேன். இறுதியில் 45.186 வினாடி, உலக சாதனை. ஃபினுகேன் அதே ஒலிம்பிக்கில் இன்னும் இரண்டு வெண்கலம் வாங்கியதால் அவர் பெயர் எங்கும் வந்தது. முதல் சுற்றை ஓட்டிய மார்சண்ட் அப்போது இரண்டு வயதுப் பிள்ளைக்கு அம்மா. 2022இல் குழந்தை பெற்று, உடம்பைத் திரும்பக் கட்டி, அணியில் மறுபடி இடம் பிடித்து, ஒலிம்பிக் இறுதியில் முன் சக்கரமாக நின்றார். பிள்ளை பெற்ற உடம்பு நின்ற இடத்திலிருந்து அப்படி ஒரு கனத்தைத் தள்ளிக் கிளம்ப வேண்டுமென்றால் இடுப்பும் வயிறும் எவ்வளவு வேலை செய்திருக்க வேண்டும் என்பது பெற்றவர்களுக்குத் தெரியும். அன்று இரவு எனக்கு அழுகையே வந்துவிட்டது. உங்கள் வாசகிகளில் எத்தனையோ பேருக்கு அது தெம்பாக இருந்திருக்கும். ஆனால் உங்கள் செய்தியில் "பிரிட்டன் மகளிர் அணி தங்கம்" என்ற ஒரு வரிதான் இருந்தது.

முதல் ஆளுக்குக் கடன்பட்டிருப்பது அணி மட்டுமில்லை, அணியில் இருக்கும் நட்சத்திரமும்தான். பாரிஸுக்கு டீம் ஸ்பிரிண்டில் எட்டு நாடுகளுக்குத்தான் இடம். அணியாகத் தகுதி பெற்ற நாட்டுக்குத் தனிநபர் ஸ்பிரிண்டிலும் கெய்ரினிலும் தலா இரண்டு இடம் தானாகக் கிடைக்கும். அணியாக உள்ளே வரமுடியாத நாட்டு வீரர், மிச்சமிருக்கும் கொஞ்ச இடத்துக்கு முட்டிமோத வேண்டும். லாவ்ரெய்சன் அடுத்த இரண்டு தங்கத்துக்காகத் தடத்தில் இறங்கிய வழியைத் திறந்து வைத்ததில் வான் டென் பெர்க்கின் கால்களுக்கும் பங்கு உண்டு. அவரோ தனிநபர் பந்தயத்தில் ஓட்டவில்லை. அந்த இடங்களில் லாவ்ரெய்சனும் ஹூக்லாண்டும்தான் ஓட்டினார்கள். பயிற்சி முழுவதும் ஒரு சுற்றுக்காக, அந்தச் சுற்றும் இன்னொருவருக்காக. அப்படிப்பட்டவரின் பெயரைத்தான் நாம் இடமில்லை என்று வெட்டுகிறோம்.

தகுதிக்கான புள்ளிகள் சேர்வதும் இப்படி அணி அணியாகத்தான். 2021இல் சர்வதேச சைக்கிள் சங்கம் பழைய உலகக் கோப்பைப் போட்டிகளை நிறுத்திவிட்டு நேஷன்ஸ் கப் என்று தொடங்கியது. முன்பு தனியார் அணிகளும் ஓட்டலாம், இதில் நாட்டு அணிகளுக்குத்தான் இடம் இருந்தது. 2024இல் அடிலெய்டு, ஹாங்காங், கனடாவின் மில்டன் என்று மூன்று ஊரில் நடந்தது, பாரிஸுக்குப் போகும் நாடுகள் அங்கே ஓட்டித்தான் புள்ளி சேர்த்தன. அந்தப் போட்டிகளைப் பற்றி நம் பேப்பர்களில் ஒரு பத்திகூட வருவதில்லை. சரி, நமக்கு அதில் பதக்கம் இல்லை, புரிகிறது. ஆனால் ஒலிம்பிக் வந்ததும் "இந்தியாவுக்குச் சைக்கிளில் ஏன் இடமில்லை?" என்று கேட்கிற வாசகருக்கு, இந்த வழியைச் சொல்லாமல் எப்படிப் பதில் சொல்வது?

நான்கு பேர் ஓட்டும் டீம் பர்சூட்டில் கதை வேறு மாதிரி. 4000 மீட்டர், பதினாறு சுற்று, முன்னால் நிற்பது மாறிக்கொண்டே இருக்கும். மூன்றாவதாக வருபவரின் சக்கரத்தில்தான் நேரம் கணக்கு. அதனால் நால்வரில் ஒருவர் தன்னிடம் இருப்பதையெல்லாம் கொடுத்துவிட்டு நடுவழியில் விலகிவிடலாம். டோக்கியோ ஒலிம்பிக்கின் இறுதியில், 2021 ஆகஸ்டில், ஜப்பானின் இசூ தடத்தில் இத்தாலி டென்மார்க்குக்குப் பின்னால் இருந்து கடைசியில் முந்தி 3 நிமிடம் 42.032 வினாடியில் தங்கம் வாங்கியது. டென்மார்க்குடன் வித்தியாசம் 0.166 வினாடி. 1960 ரோம் ஒலிம்பிக்குக்குப் பிறகு இத்தாலிக்கு இந்தப் பந்தயத்தில் கிடைத்த முதல் தங்கம். கடைசிச் சுற்றுகளில் ஃபிலிப்போ கன்னா இழுத்த இழுப்பை எத்தனை முறை பார்த்தாலும் எனக்கு மயிர் கூச்செறியும். எல்லாரும் அவரைத்தான் எழுதினார்கள். பிரான்செஸ்கோ லமோன், சிமோன் கொன்சோன்னி, ஜொனாதன் மிலான் ஆகிய மூவரும் அந்த நேரத்துக்குள் இருக்கிறார்கள். கன்னா ஒருவரே ஓட்டியிருந்தால் நேரத்தை நிறுத்த மூன்றாவது சக்கரம் எங்கிருந்து வரும்?

விலகி நிற்கும் அந்த நான்காவது ஆளின் பெயர் எப்போது வருகிறது தெரியுமா? ஏதாவது கெட்டது நடந்தால். அதே டோக்கியோவில், இறுதிக்கு முந்தைய சுற்றில், பிரிட்டனின் சார்லி டான்ஃபீல்ட் தன் அணியிலிருந்து பின்தங்கி ஓட்டிக்கொண்டிருந்தார். குனிந்த தலையோடு பாய்ந்து வந்த டென்மார்க்கின் ஃபிரெடெரிக் மாட்சன் அவர் மேல் மோதி இருவரும் விழுந்தார்கள். அந்தப் படம் உலகம் முழுக்க வந்தது, டான்ஃபீல்டின் பெயரும் வந்தது. மூன்று வருடம் கழித்துப் பாரிஸில் அதே டான்ஃபீல்ட் வெள்ளி வாங்கினார். அன்றும் பேப்பரில் வந்தது வேறொரு விபத்து. இறுதியின் கடைசிக் கட்டத்தில் ஈத்தன் ஹேட்டர் சீட்டிலிருந்து வழுக்கித் தடுமாறிய படம். விழாமல் சமாளித்து ஓட்டி முடித்தார், அதைச் சொல்லவில்லை. ஆஸ்திரேலியா தங்கம் வாங்கியது, முந்தைய நாள் அவர்கள் 3 நிமிடம் 40.730 வினாடியில் உலக சாதனையும் வைத்திருந்தார்கள். சாம் வெல்ஸ்ஃபோர்டு, கெல்லண்ட் ஓபிரையன், கானர் லீஹி, ஆலிவர் பிளெடின் என்று நால்வர். தடுமாறியவர் பெயர் தெரிந்த அளவுக்கு ஜெயித்தவர்கள் பெயர் உங்கள் வாசகருக்குத் தெரியவில்லை. இது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

நம் நாட்டுக்கு வருகிறேன். 2019 ஆகஸ்டில் ஜெர்மனியின் பிராங்க்ஃபர்ட் ஆன் டெர் ஓடரில் நடந்த ஜூனியர் உலகப் போட்டியில் இந்தியப் பையன்கள் டீம் ஸ்பிரிண்டில் தங்கம் வாங்கினார்கள். ஆஸ்திரேலியாவும் பிரிட்டனும் பின்னால் நின்றன. தடச் சைக்கிளில் இந்தியா உலக அளவில் வாங்கிய முதல் தங்கம் அது. எஸோ ஆல்பன், ரொனால்டோ சிங், ரோஜித் சிங். எஸோ அந்தமான் நிகோபார்க்காரர், அதற்கு முந்தைய வருடம் சுவிட்சர்லாந்தின் ஏகிளில் ஜூனியர் கெய்ரினில் வெள்ளி வாங்கியவர். மற்ற இருவரும் மணிப்பூர். 2022இல் டெல்லியில் நடந்த ஆசியப் போட்டியில் ரொனால்டோ ஸ்பிரிண்டில் வெள்ளி வாங்கினார், அந்தப் பந்தயத்தில் இந்தியருக்குக் கிடைத்த முதல் வெள்ளி. இந்த மூவர் பெயரையும் சேர்த்துச் சொல்லும் ஆளை நான் எங்கள் வட்டாரத்தில் சைக்கிள் ஓட்டும் பிள்ளைகளிடம் மட்டும்தான் பார்க்கிறேன். அவர்கள் மனப்பாடமாகச் சொல்கிறார்கள். யார் முன்னால், யார் பின்னால் என்று அவர்களுக்குள் சண்டையே நடக்கும். அவர்களுக்கு வேண்டியதுதான் உங்கள் பக்கத்தில் இல்லை.

தமிழ்நாட்டில் இப்போது இந்த விளையாட்டுக்கு இடம் இருக்கிறது. 2024 ஜனவரியில் கேலோ இந்தியா இளையோர் போட்டி நம் மாநிலத்தில் நடந்தபோது தடச் சைக்கிள் பந்தயங்கள் சென்னைக்குப் பக்கத்தில் மேலக்கோட்டையூரில்தான் நடந்தன. அன்று அந்த வேலிக்கு வெளியே எத்தனை அப்பா அம்மாக்கள் என்று பார்த்திருந்தால் தெரியும். வெளியூரிலிருந்து இரவு பஸ்ஸில் வந்து, சைக்கிள் பெட்டியை மடியில் வைத்துக் காக்கிற மாதிரி காத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தவர்கள். அவர்களில் பாதிப் பேரின் பிள்ளை முதல் ஆளாகவோ நடு ஆளாகவோதான் ஓட்டுகிறது. எல்லாப் பிள்ளையும் கடைசி ஆளாக இருக்க முடியாது. பெயர் வருவது கடைசி ஆளுக்குத்தான் என்று ஆகிவிட்டால் முதல் ஆளாக நிற்க எந்தப் பிள்ளை சம்மதிக்கும்? இது என் கற்பனை பயம் இல்லை. பேப்பர் வந்த மறுநாள் பயிற்சியில், எங்கள் அணிக்கு முதல் சுற்று ஓட்டிய அந்தப் பெண், பயிற்சியாளரிடம், "சார், அடுத்த தடவை என்னைக் கடைசியா ஓட விடுங்க" என்று கேட்டிருக்கிறாள். அவர் அவளுக்குச் சமாதானம் சொல்லியிருக்கிறார். அவளை விட நன்றாகக் கிளம்புகிறவள் மாவட்டத்தில் இல்லை. அவள் முதல் இடத்தை விட்டால் என் மகளுக்கும் பதக்கம் இல்லை.

இடம் பற்றாது என்று நீங்கள் சொல்லலாம். கிரிக்கெட் ஸ்கோர் போர்டில் பதினொரு பேரையும் போடுகிறீர்கள். பேட் பிடிக்காதவர்களுக்கும் அங்கே ஒரு வரி உண்டு, மட்டையையே தொடாத பந்து வீச்சாளர் பெயர் அந்த வரியில் அச்சாகிறது. உதிரி ரன் எத்தனை, அதில் வைடு எத்தனை என்றுகூடப் போடுகிறீர்கள். அது சரியான பழக்கம், அதைக் குறைக்கச் சொல்லவில்லை. அதே நியாயத்தை மூன்று பேர் ஓட்டுகிற பந்தயத்துக்கும் செய்யுங்கள் என்கிறேன். மூன்று பெயருக்கு ஒரு வரி போதும்.

வெளிநாட்டுப் பெயர்களைத் தமிழில் எழுதுவது கஷ்டம் என்றும் ஒரு காரணம் சொல்வார்கள். ஐரோப்பியக் கால்பந்து நடக்கும் மாதங்களில் குரோஷியா, போலந்து ஆட்டக்காரர் பெயர்களையெல்லாம் அழகாக எழுதுகிறீர்களே. உங்கள் உதவி ஆசிரியர்களுக்கு வான் டென் பெர்க் ஒரு பாரமே இல்லை.

நான் கேட்பது எளிது. டீம் ஸ்பிரிண்ட் முடிவு எழுதும்போது மூவர் பெயரையும், அவர்கள் தடத்தில் ஓட்டிய வரிசையிலேயே போடுங்கள், முதல் ஆள் முதலில் வரட்டும். டீம் பர்சூட்டுக்கு நால்வர். முந்தைய ஓட்டத்தில் மட்டும் ஓட்டிவிட்டு இறுதியில் உட்கார்ந்திருந்தவருக்கும் ஒலிம்பிக்கில் பதக்கம் உண்டு. டோக்கியோவில் நெதர்லாந்தின் மத்தேய்ஸ் புக்லிக்கு அப்படித்தான் தங்கம் கிடைத்தது. அவர்களையும் விடாதீர்கள். உலகப் போட்டிகளில் செய்தி நிறுவனம் அனுப்பும் முடிவுப் பட்டியலில் எல்லாப் பெயரும் இருக்கும், பக்கம் கட்டும்போது வெட்டாமல் இருந்தால் போதும். உள்ளூர்ப் போட்டியென்றால் நடுவர் மேஜைக்குப் பக்கத்துப் பலகையில் முடிவுத் தாளை ஒட்டுவார்கள், நிருபர் அதைப் போனில் ஒரு படம் எடுத்துக்கொள்ளலாம். பலகை கூட்டத்தில் மறைந்திருந்தால் வேலிக்கு வெளியே நிற்கும் எங்களில் யாரைக் கேட்டாலும் சொல்வோம், எல்லா அணியின் பெயரும் எங்களுக்குத் தெரியும்.

இப்படிக்கு,
உங்கள் நெடுநாள் வாசகி,
கோவில்பட்டி